ஹார்ட் டிஸ்க்கில் மீனுக்கு இடம்

நான் குட்டியானை ஓட்டுகிறவன். யானை என்றதும் தும்பிக்கையைத் தேடாதீர்கள். நாலு சக்கரம், பின்னால் திறந்த தொட்டி, முன்னால் இரண்டு பேர் நெருக்கி உட்காருகிற அளவுக்கு ஒரு கேபின். அந்தச் சின்ன லாரியைத்தான் எங்கள் பக்கத்தில் எல்லோரும் குட்டியானை என்று கூப்பிடுகிறோம். ஒட்டன்சத்திரம் மார்க்கெட்டுக்குக் காய்கறி, கீரனூர்ப் பக்கமிருந்து தேங்காய், கல்யாண நாளில் பந்தல் சாமான் என்று வண்டி ஓடும். மே மாதம் பள்ளிக்கூடம் விட்டதும் வீடு மாற்றுகிற வேலை நிறைய வரும்.

எந்த வீட்டைக் காலி செய்தாலும் கடைசியில் ஒரு குவியல் மிஞ்சும். புது வீட்டுக்குக் கொண்டுபோகவும் மனசு இருக்காது, தெருவில் போடவும் மனசு வராது. பிடி போன வாளி, ஒரு பக்கம் மட்டும் திரும்புகிற டேபிள் ஃபேன், மூடி இல்லாத டப்பா. வீட்டுக்காரர்கள் அந்தக் குவியலைக் காட்டி, "அண்ணே, இதுல ஒங்களுக்கு ஏதாச்சும் ஆகுமான்னு பாருங்க" என்பார்கள். எங்கள் வீட்டில் பாதிச் சாமான் அப்படி வந்ததுதான். கேம் பெட்டியும் அப்படித்தான் வந்தது.

அந்த வீட்டு ஐயாவுக்கு வேறு ஊருக்கு மாற்றல். அவர்களுடைய பையன் காலேஜ் படிக்க வெளியூர் போய்விட்டான். அந்த அம்மா ஓர் அட்டைப்பெட்டியை என்னிடம் நீட்டி, "பையன் வச்சு விளையாண்டது. இனி யாரு தொடப் போறா. ஒங்க வீட்ல பிள்ளைக இருக்குல்ல" என்றார்கள்.

பெட்டிக்குள் டி.வி.யில் மாட்டி விளையாடுகிற பழைய மாடல் கேம் பெட்டி, ஒரே ஒரு ஜாய்ஸ்டிக், சில டிஸ்க்குகள், கறுப்பாக ஒரு ஹார்ட் டிஸ்க். ஹார்ட் டிஸ்க் என்பது நம் உள்ளங்கைக்குள் அடங்கிவிடும். ஆனால் அதற்குள் ஒரு கடைச் சரக்கையே வைக்கலாம். அந்தக் கேம் பெட்டியில் டிஸ்க் போட்டால் ஓடாது. டிஸ்க்கைப் படிக்கிற கண் ஒன்று உள்ளே இருக்குமாம், அது கெட்டுவிட்டது. அந்தப் பையன் யாரையோ பிடித்து, பெட்டியை மாற்றிவிட்டு, இந்த ஹார்ட் டிஸ்க்கிலிருந்தே கேம் ஓடுகிற மாதிரி செய்து வைத்திருந்தான்.

டி.வி.யில் மாட்டியதும் கேம்களின் பெயர்கள் வரிசையாக வந்தன. என் மகன் பட்டனை அமுக்கிக்கொண்டே இருக்கிறான், பெயர்கள் கீழே கீழே போய்க்கொண்டே இருக்கின்றன, முடிகிற வழியாக இல்லை. அவனுக்கு அப்போது நாலாம் வகுப்பு முடிந்திருந்தது. "அப்பா, இம்புட்டும் நமக்கா?" என்று மெதுவாகக் கேட்டான், பக்கத்து வீட்டுக்குக் கேட்டால் வந்து எடுத்துக்கொண்டு போய்விடுவார்கள் என்பது போல. ஏழாம் வகுப்பு முடித்திருந்த என் மகள், "இல்ல, ஒனக்குப் பாதி, எனக்குப் பாதி" என்றாள்.

ஒரு வருஷம் அதில் விளையாடினார்கள். அடுத்த மே மாதம்தான் நான் சொல்ல வந்த விஷயம் நடந்தது.

வருஷா வருஷம் லீவு விட்டதும் என் மகள் எரியோட்டில் இருக்கிற அவள் அத்தை வீட்டுக்குப் போவாள். அங்கே தோட்டத்துக் கிணற்றில் அத்தை பிள்ளைகளோடு விடிந்ததும் இறங்கினால் கண் சிவந்த பிறகுதான் ஏறுவாள். அந்த வருஷம் பைகூடக் கட்டிவிட்டாள். கிளம்புவதற்கு முந்தின நாள், நாகல் நகர் கடைத்தெருவில் சைக்கிளில் போனவள், குறுக்கே வந்த ஆட்டோவுக்கு ஒதுங்கி, கீழே விழுந்து இடது கையை ஒடித்துக்கொண்டாள். முழங்கைக்கு மேலிருந்து விரல் வரைக்கும் மாவுக்கட்டு. லீவு முடிகிறபோதுதான் பிரிக்கலாம் என்று டாக்டர் சொல்லிவிட்டார்.

வலியை அவள் பொறுத்துக்கொண்டாள். அவளால் பொறுக்க முடியாதது மற்றதுதான். கிணறு போயிற்று. சைக்கிள் போயிற்று. கேமாவது விளையாடலாம் என்று பார்த்தால், அந்த ஜாய்ஸ்டிக்கை இரண்டு கையாலும் பிடிக்க வேண்டும். இடது கட்டைவிரலால் ஆளை நகர்த்த வேண்டும், வலது கட்டைவிரலால் மற்ற பட்டன்களை அமுக்க வேண்டும். மடியில் வைத்துப் பார்த்தாள். தலையணையில் சாய்த்து வைத்துப் பார்த்தாள். இடது கைக்குப் பதிலாகக் கால் பெருவிரலால்கூட ஆட்டிப் பார்த்தாள். கார் போய்ச் சுவரில் முட்டிக்கொண்டு நின்றது.

"அக்கா, நீ சொல்லு, நான் ஆடுறேன்" என்றான் மகன்.

"நீ ஆடுறதுக்கு நான் எதுக்குடா சொல்லணும்? ஆடிட்டுப் போ."

அதற்குப் பிறகு அவன் விளையாடும்போதெல்லாம் அவள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்துக்கொண்டாள். எங்கள் வீட்டில் கூடம் ஒன்றுதான். எங்கே திரும்பிப் படுத்தாலும் சத்தம் கேட்கும்.

அவளுடைய அம்மா இட்லி மாவு அரைத்து வீடுகளுக்குக் கொடுக்கிறாள். கிரைண்டரை நிறுத்திவிட்டு வந்து என்னிடம், "ஏங்க, ஒத்தக் கையில விளையாடுற மாதிரி ஒண்ணுகூடவா அதுல இல்ல? போயி யாருட்டயாவது கேட்டுட்டு வாங்க. பிள்ள மொகத்தப் பாக்க முடியல" என்றாள்.

மொபைலும் கேம் பெட்டியும் பழுது பார்க்கிற பாய் ஒருவர் கடை வைத்திருக்கிறார். அவர் சாமான்களை இரண்டு தடவை நான் ஏற்றி இறக்கியிருக்கிறேன். அட்டைப்பெட்டியோடு அவரிடம் போனேன். அவர் அதிலிருந்த டிஸ்க்குகளைப் புரட்டிப் பார்த்துவிட்டு ஒன்றை எடுத்து நீட்டினார். மேலே ஏரி, படகு, ஒரு பெரிய மீன்.

"அண்ணே, இது மீன் பிடிக்கிற கேம். தூண்டிலப் போடணும், காத்துக் கெடக்கணும், கடிச்சா இழுக்கணும். வலது கை பட்டனு போதும். ஒங்க பாப்பாவுக்கு இது சரியா வரும்."

டிஸ்க் வீட்டிலேயே இருந்திருக்கிறது. ஆனால் எங்கள் பெட்டிக்குக் கண் இல்லையே. பாய் தன்னுடைய மெஷினில் போட்டு அந்த டிஸ்க்கை ஒரு பென் டிரைவில் இறக்கிக் கொடுத்தார். அதைக் கம்ப்யூட்டரில் மாட்டி எங்கள் ஹார்ட் டிஸ்க்கில் ஏற்ற வேண்டும். என் மனைவியின் அக்கா மகள் லேப்டாப் வைத்திருந்தாள், அதை இரவல் வாங்கி வந்தோம். மாட்டிப் பார்த்தால் ஏறவில்லை. ஹார்ட் டிஸ்க்கில் இடமே இல்லை. அந்தக் காலேஜ் பையன் வாய் வரைக்கும் நிரப்பி வைத்திருக்கிறான்.

"அப்ப வேண்டாத கேமை எடுத்துருவோம்" என்றேன்.

சுலபமாகச் சொல்லிவிட்டேன். எது வேண்டாதது?

இந்தக் கேள்விக்கு வீடு மாற்றுகிற இடத்தில் நான் ஒரு வழி கண்டுபிடித்து வைத்திருந்தேன். வண்டி நிறைந்துவிடும், சாமான் மிஞ்சிவிடும். ஐயா, அம்மாவுடைய ஆட்டுக்கல்லைக் காட்டி இதை விட்டுவிடலாம் என்பார். அம்மா, ஐயாவுடைய பழைய பத்திரிகைக் கட்டைக் காட்டி அதை முதலில் விடுங்கள் என்பார். நடுவில் நான் நிற்பேன். யார் பக்கமும் பேசக்கூடாது. "ஐயா ஒண்ணு சொல்லுங்க, அப்பறம் அம்மா ஒண்ணு சொல்லுங்க, மாத்தி மாத்தி எறக்கிருவோம்" என்பேன். ஆளுக்கு ஒன்று என்றால் யாருக்கும் குறை இல்லை. எத்தனையோ வீட்டில் சண்டை வராமல் பார்த்திருக்கிறேன். அதையே இங்கேயும் செய்தேன்.

எல்லோரும் டி.வி. முன்னால் உட்கார்ந்தோம். பெயர் மேல் போய் நின்று ஒரு பட்டனை அமுக்கினால், அழித்துவிடவா என்று பெட்டி இங்கிலீஷில் கேட்கும். ஆமாம் என்றால் அந்தப் பெயர் மறைந்து, கீழே இருக்கிற பெயர் மேலே வந்து ஒட்டிக்கொள்ளும்.

யாருக்குமே வாசிக்கத் தெரியாத ஏதோ ஒரு எழுத்தில் இருந்தவை முதலில் போயின. அதில் ஒரு தகராறும் இல்லை. பிறகு மகன் முறை வந்தது. அவன் யோசிக்கவே இல்லை.

"டான்ஸ் ஆடுறது."

"ஏலே, அது நான் ஆடுறதுடா."

"நீதான் இப்ப ஆட முடியாதுல்ல."

மகள் ஜாய்ஸ்டிக்கை வாங்கி, கட்டு போட்ட கையால் அதை நெஞ்சோடு அணைத்துப் பிடித்துக்கொண்டு, வலது கையால் அவனுடைய மல்யுத்தக் கேம் வரைக்கும் போய் அதை அழித்தாள். அடுத்த முறை அவன் அவளுடைய சமையல் கேமை எடுத்தான். அவள் அவனுடைய மோட்டார் பைக்கை எடுத்தாள்.

"அப்பு, வேண்டாதத எடுக்கச் சொன்னேன். அடுத்த ஆளுக்கு வேண்டியத எடுக்கச் சொல்லல" என்றேன்.

"அக்காவுக்கு வேண்டியதுதாம்ப்பா எனக்கு வேண்டாதது" என்றான்.

அவர்கள் அம்மா கிரைண்டர் பக்கத்திலிருந்தே தன் முறையைச் சொன்னாள். "அந்த ரத்தம் தெறிக்கிறது எல்லாம் போகட்டும்."

"எல்லாம்னு சொல்லக் கூடாதும்மா. ஒண்ணுதான்."

"அப்ப இருக்கதுலயே ரத்தம் அதிகமா வர்றது எதுவோ அது."

என் முறை வந்தபோது நான் லாரி ஓட்டுகிற கேமைச் சொன்னேன். நாள் முழுக்க வண்டி ஓட்டுகிறவனுக்கு வீட்டிலும் எதற்கு லாரி? போதாததற்கு, ஒரே ஒரு தடவை அதை ஓட்டி, முதல் வளைவிலேயே கவிழ்த்துவிட்டேன். பிள்ளைகள் இரண்டு பேரும் அப்போதுதான் ஒன்று சேர்ந்தார்கள்.

"அது இருக்கட்டும்ப்பா."

"நீங்க கவுத்தத இன்னொரு தடவ பாக்கணும்ப்பா."

"அப்பாவுக்கு நெசமாவே லைசென்ஸ் இருக்காக்கா?"

லாரி தப்பித்தது. அதற்குப் பதிலாக ஒரு ஃபுட்பால் போயிற்று. இப்படி மேலே ஒன்று, நடுவில் ஒன்று, கீழே ஒன்று என்று ஆளுக்கு ஆள் கை போன இடத்தில் எடுத்து முடித்தோம். லேப்டாப்பில் மாட்டிப் பார்த்தால், மீனுக்கு வேண்டியதைவிட அதிகமாகவே இடம் காட்டியது. ஏற்றினோம். ஏறிவிட்டது. மறுபடி டி.வி.யில் மாட்டினால், வரிசையில் மீன் கேமின் பெயரும் இருந்தது. மகள் அன்றைக்குத்தான் சுவர்ப் பக்கத்திலிருந்து முழுதாக இந்தப் பக்கம் திரும்பி, கால் மடக்கி உட்கார்ந்தாள். மடியில் ஜாய்ஸ்டிக். பட்டனை அமுக்கினாள்.

கேம் திறக்கவில்லை. இங்கிலீஷில் ஒரு வரி வந்தது. அவளே வாசித்துச் சொன்னாள்.

"துண்டு துண்டாக் கெடக்காம்ப்பா. அதனால ஓடாதாம்."

திரும்பவும் அமுக்கினாள். அதே வரி. ஜாய்ஸ்டிக்கைத் தரையில் வைத்துவிட்டு எழுந்து பின்வாசலுக்குப் போய்விட்டாள்.

நான் பாய்க்குப் போன் போட்டு, நாங்கள் செய்ததை முதலிலிருந்து சொன்னேன். அவர் சிரித்தார்.

"அண்ணே, எடம் இருக்கு. ஆனா ஒரே எடமா இல்ல. இங்கிட்டுக் கொஞ்சம், அங்கிட்டுக் கொஞ்சம் கெடக்கு. லேப்டாப்பு அந்த ஓட்டையில எல்லாம் மீன வெட்டி வெட்டிப் போட்டு வச்சிருச்சு. கம்ப்யூட்டரா இருந்தா ஒட்ட வச்சு ஓட்டிக்கிரும். இந்தப் பழைய பெட்டிக்கு அது தெரியாது. தலையிலேருந்து வாலு வரைக்கும் ஒரே நீட்டாப் படுத்திருந்தாத்தான் ஓட்டும்."

உங்களுக்குப் புரிகிற மாதிரி சொல்கிறேன். என் வண்டியில் வெங்காய மூட்டை நிறைய அடுக்கியிருக்கிறது என்று வையுங்கள். மூலையில் ஒரு மூட்டை, நடுவில் ஒரு மூட்டை, கடைசியில் ஒரு மூட்டை என்று உருவி எடுத்துவிட்டு, ஒரு கட்டிலை ஏற்றப் பார்த்தால் ஏறுமா? எடுத்த மூட்டைகளை எல்லாம் கூட்டினால் கட்டில் அளவுக்கு இடம் வரும். ஆனால் கட்டில் ஒன்றாகத்தானே படுக்கும். இது எனக்கு வண்டியில் நன்றாகத் தெரியும். டி.வி.யில் தெரியவில்லை. ஏனென்றால் அங்கே ஒரு பெயரை எடுத்ததும் கீழே இருந்த பெயர் வந்து ஒட்டிக்கொண்டது. ஓட்டை கண்ணில் படவே இல்லை.

"இப்ப என்ன பண்றது பாய்?"

"அம்புட்டையும் எறக்கணும்ணே. டிஸ்க்க வழிச்சுத் தொடச்சுட்டு, மொதல்ல மீன ஏத்துங்க. அப்பறம் மத்ததெல்லாம் ஒண்ணு பின்னால ஒண்ணா ஏத்துங்க."

"எறக்கி எங்க வைக்கிறது?"

"லேப்டாப்புலதான். எம்புட்டு கொள்ளுதோ அம்புட்டு. கொள்ளாதது போச்சு."

லேப்டாப்பில் இருந்த இடமோ கொஞ்சம்தான், நீர்மோருக்குக் கொண்டுபோன சொம்பில் பால் கேன் முழுவதையும் ஊற்றப் பார்த்த கதை. அந்தப் பெரிய வரிசையில் ஒரு கைப்பிடிதான் மிஞ்சும். இதைப் பிள்ளைகள் இரண்டு பேரிடமும் மறைக்காமல் சொன்னேன்.

மகள் பின்வாசல் படியில் உட்கார்ந்தபடியே சொன்னாள். "வேணாம்ப்பா. எனக்காக எல்லாத்தையும் அழிக்க வேணாம். கட்டுப் பிரிச்ச பொறகு விளையாடிக்கிறேன்."

கட்டுப் பிரிக்கிறபோது பள்ளிக்கூடம் திறந்துவிடும் என்பது அவளுக்கும் தெரியும்.

மகனை நான் கேட்கவில்லை. சாமானில் பாதி அவனுடையது. போகட்டும் என்று அவன் வாயால் வராமல் நான் இறக்கக் கூடாது. அப்படி இறக்கினால் அது காலத்துக்கும் மனசில் நிற்கும், வீடு வீடாகப் பார்த்திருக்கிறேன்.

மறுநாள் மத்தியானம் ஒரு தேங்காய் லோடு இறக்கிவிட்டுச் சாப்பிட வந்தேன். மகள் உள்ளே தூங்கிக்கொண்டிருந்தாள். மகன் டி.வி. முன்னால் தனியாக இருந்தான். நான் வந்ததை அவன் கவனிக்கவில்லை. இடது கையைச் சட்டைக்குள் விட்டு மறைத்துக்கொண்டு, வலது கையால் மட்டும் விளையாடிக்கொண்டிருந்தான். அது கார் கேம். கார் நேராகப் போய்ச் சுவரில் முட்டியது. அதை மூடிவிட்டு வேறு ஒன்றைத் திறந்தான். அதில் அவனுடைய ஆள் நின்ற இடத்திலேயே நின்று அடி வாங்கி விழுந்தான். அதையும் மூடினான். அடுத்ததைத் திறந்தான். ஒவ்வொன்றாக அப்படிப் போய்க்கொண்டிருந்தான். நான் செருப்பைச் சத்தமில்லாமல் கழற்றிவிட்டு அடுக்களைக்குப் போய்விட்டேன்.

சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது வந்து பக்கத்தில் உட்கார்ந்தான். தட்டில் இருந்த முட்டைகோஸ் வெஞ்சனத்தில் கொஞ்சம் எடுத்து வாயில் போட்டுக்கொண்டான். அவனுக்கு முட்டைகோஸ் ஆகவே ஆகாது.

"அப்பா, டிஸ்க்க வழிச்சுட்டா, நான் எது வரைக்கும் ஜெயிச்சேங்கிறது போயிருமா?"

"போகாதுப்பு. அது தனியா, பெட்டியில சொருகியிருக்க சின்ன மெமரி கார்டுல இருக்காம். பாய் சொன்னாரு."

செத்த நேரம் மென்றான்.

"அப்ப எறக்கிருவோம்ப்பா" என்றான்.

இந்தத் தடவை நான் முறை வைக்கவில்லை. எதை எடுப்பது என்று கேட்காமல், எது வேணும் என்று மட்டும் கேட்டேன். கேள்வியைத் திருப்பிப் போட்டதும் சண்டையே வரவில்லை. அவனுடைய கிரிக்கெட், அவளுடைய வீடு கட்டுகிறது, இரண்டு பேரும் மாறி மாறி விளையாடுகிற கார், அவர்கள் அம்மாவுக்காகப் பல்லாங்குழி மாதிரி ஒன்று. "அப்பா கவுக்குற லாரி" என்று மகன் சொன்னான். "ஆமா, அது கட்டாயம்" என்றாள் மகள். இன்னும் கொஞ்சம் யோசித்தார்கள். அப்புறம் யோசிக்கவே எதுவும் இல்லை. லேப்டாப்பில் இன்னும் இடம் இருந்தது. ஒரு வருஷமாக அவர்கள் தொட்டது அவ்வளவுதான். மீதியெல்லாம் அந்தக் காலேஜ் பையனுடைய ஆசை. அவனே அதில் எத்தனையைத் திறந்து பார்த்தானோ தெரியாது. வீடு மாற்றும்போது சில அட்டைப்பெட்டிகளைத் தூக்குவேன். போன தடவை ஒட்டிய டேப்புகூடப் பிரிக்காமல் அப்படியே இருக்கும். அதை அடுத்த வீட்டிலும் அதே மாதிரி ஒரு மூலையில் இறக்கி வைப்பேன்.

வேண்டியதெல்லாம் லேப்டாப்புக்கு வந்து சேர ஒரு காலைப் பொழுது ஆயிற்று. அப்புறம் ஹார்ட் டிஸ்க்கைத் துடைக்கிற பட்டன். எல்லாம் போய்விடும், பரவாயில்லையா என்று லேப்டாப் கேட்டது. என் விரல் கொஞ்சம் தயங்கியது. எத்தனை கேம், எத்தனை ஊர்க்காரன் எத்தனை நாள் உட்கார்ந்து செய்தது.

"என்னங்க பாத்துக்கிட்டு இருக்கீங்க? அமுக்குங்க. எனக்குக் கரண்டு வேணும், மாவு ஆட்டணும்" என்றாள் மனைவி. லேப்டாப்பும் கிரைண்டரும் எங்கள் வீட்டில் ஒரே பிளக்கில்தான்.

அமுக்கினேன். காலியான தொட்டியில் முதல் சாமானாக மீன் ஏறியது. தலையிலிருந்து வால் வரைக்கும் நீட்டிப் படுத்தது. அதன் பின்னால் மற்றவை ஒவ்வொன்றாக.

டி.வி.யில் மாட்டி மகள் பட்டனை அமுக்கினாள். திரை கறுப்பானது. அப்படியே கறுப்பாகவே இருந்தது. பிறகு தண்ணீர்ச் சத்தம் கேட்டது. ஏரி வந்தது, சுற்றிலும் மலை, ஒரு படகு, அதில் தொப்பி போட்ட ஒருவன் உட்கார்ந்திருந்தான்.

மகள் தூண்டிலை வீசினாள். வலது கட்டைவிரல் ஒன்றே போதுமாக இருந்தது. காத்திருந்தாள். பாய் சொன்ன மாதிரியே, காத்துக் கிடக்கிறதுதான் அதில் பாதி. தக்கை அசைந்தது. இழுக்கிற பட்டனை அமுக்கினாள். மீன் வந்தது, போனது, வந்தது. படகுக்குப் பக்கத்தில் வந்ததும் திரையில் ஓர் அம்புக்குறி மின்னியது. இடது கட்டைவிரலால் வலையை அந்தப் பக்கம் தள்ள வேண்டுமாம். அவள் வலது கையை விட்டுவிட்டு இடது பக்கத்துக்குப் போவதற்குள் மீன் அறுத்துக்கொண்டு போய்விட்டது.

திரும்பவும் வீசினாள். அடுத்த மீனும் வலையின் வாய் வரைக்கும் வந்து போய்விட்டது. அதற்கடுத்ததும் அப்படியே. ஒற்றைக் கையில் எல்லாம் செய்யலாம், மீனை மட்டும் எடுக்க முடியாது. பாய் அந்தக் கடைசி இடம் வரைக்கும் விளையாடிப் பார்த்திருக்க மாட்டார், பாவம். இருந்ததை எல்லாம் அழித்தாயிற்று, இனி என்ன சொல்லி அவளைத் தேற்றுவது?

மகள் விடவில்லை. திரும்பவும் தூண்டிலை வீசினாள். உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள்.

மகன் நகர்ந்து நகர்ந்து அவளுடைய இடது பக்கம் வந்து உட்கார்ந்தான். மாவுக்கட்டை மெதுவாகத் தூக்கித் தன் தோள் மேல் போட்டுக்கொண்டு, அதற்கு அடியில் கையை விட்டு ஜாய்ஸ்டிக்கின் இடது பக்கத்தைப் பிடித்தான்.

"எடுடா கைய."

"நீ இழு. அம்பு வந்தா நான் தள்ளுறேன்."

"நீ கெடுத்துருவ."

"கெடுத்தா நாளைக்கு ஃபுல்லா நீயே ஆடு."

"நாளைக்கும் நாந்தாண்டா."

தக்கை அமிழ்ந்தது. அவள் இழுத்தாள். மீன் பக்கத்தில் வந்தது. "இப்ப… இல்ல, இப்ப வேணாம்… செத்த இரு… தள்ளுலே" என்றாள். அவன் தள்ளினான். வலைக்குள் மீன் துள்ளியது. தொப்பிக்காரன் அதை வாலைப் பிடித்துத் தூக்கிக் காட்டினான்.

"அம்மா, இங்க வாங்க. மீனு."

அவள் கை நிறைய மாவோடு வந்து நின்று பார்த்தாள். "இது என்ன மீனு? கெண்டையா?"

"விராலும்மா" என்றான் மகன். இங்கிலீஷில் வேறு ஏதோ பெயர் எழுதியிருந்தது. அதை யாரும் வாசிக்கவில்லை.

"ஆயவும் வேணாம், கழுவவும் வேணாம். தெனம் இத மாதிரி நாலு பிடிச்சா எனக்கு வேல மிச்சம்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

அந்த லீவு முழுக்க அப்படித்தான் போனது. எங்கள் தெருவுப் பையன்கள் சாயங்காலம் வாசலில் வந்து, "ஏலே, கிரிக்கெட்டுக்கு வரலையா?" என்று கூப்பிடுவார்கள். உள்ளேயிருந்து, "கை வேணும்னு அக்கா சொல்லுது, நீங்க போங்கடா" என்று பதில் வரும். அவள் அப்படிச் சொன்னதை நான் கேட்டதில்லை. எரியோட்டிலிருந்து அத்தை போன் பண்ணி, "என்னாத்தா, கெணத்துக்கு வர முடியலைன்னு அழுகுறியா?" என்றால், "இல்லத்த, நாங்க ஏரில இருக்கோம்" என்பாள். கட்டின் மேல் மகன் பேனாவால் ஒவ்வொரு மீனாக வரைந்து வைத்தான். விரல் தொடங்கி முழங்கை வரைக்கும் மீன். சண்டையும் இருந்தது. மீன் தப்பினால் அவள் அவனைச் சொல்வாள், அவன் அவளைச் சொல்வான். ஒரு தடவை கோபத்தில் அவள் கட்டாலேயே அவன் மண்டையில் தட்டிவிட்டாள். அவன் அழுதுகொண்டே இடது பக்கத்தைப் பிடித்துக்கொண்டிருந்தான். தூண்டிலில் அப்போது மீன் மாட்டியிருந்தது.

கட்டுப் பிரிக்கிற நாளில் நாலு பேருமாக பஸ்ஸில் ஆஸ்பத்திரிக்குப் போனோம். போகிற வழியில் மகன் ஜன்னல் பக்கமே பார்த்துக்கொண்டு வந்தான். "இன்னும் ஒரு வாரம் கட்டு இருந்தா என்னவாம்?" என்று ஒரு தடவை தன்பாட்டுக்குச் சொன்னான்.

டாக்டர் மீன்களைப் பார்த்துச் சிரித்துவிட்டு, கட்டை வெட்டி எடுத்தார். உள்ளே கை மெலிந்து, வெளுத்துப் போயிருந்தது. விரல்களை மடக்கி நீட்டச் சொன்னார். மகள் பயந்து பயந்து மடக்கினாள்.

"நல்லாத்தான் சேந்திருக்கு" என்றார் டாக்டர். "ஆனா இன்னும் கொஞ்ச நாளைக்கு இந்தக் கைக்கு வேலை குடுக்கக் கூடாது. வெயிட்டு தூக்காத. சைக்கிள் வேணாம். விளையாட்டும் பாத்துத்தான், என்ன?"

மகள் வாயைத் திறப்பதற்குள், அவளுடைய இடது பக்கத்திலிருந்து மகன் சொன்னான்.

"சரிங்க சார். அந்தக் கைய நான் பாத்துக்கிறேன்."